கதிரெண்ணெய், நாற்பது டிரம்

நாற்பத்திரண்டாம் வருஷம், மாசிக் கடைசி.
சிங்காநல்லூர் மில்லில்
இருநூற்றுப் பன்னிரண்டு கண்ணாடிச் சன்னலுக்கு
நீலம் பூசி முடித்தோம்.
பெயிண்ட் ஒன்பது டின், பிரஷ் நாலு,
ஏணியிலிருந்து விழுந்த ஆள் ஒன்று.
ஸ்டோர் புத்தகத்தில் மூன்றையும் எழுதியவன் நான்.

கடல் இங்கிருந்து நூற்றுச் சொச்சம் மைல்.
நொய்யலில் அப்போது முழங்கால் தண்ணீர்கூட இல்லை.
இருந்தாலும் வார்டன் தேவசகாயம்
சைக்கிளில் சுற்றி வருவார்,
பீடி நுனி தெரிந்தாலும் விசில்.
"குண்டு போடறவன் பீடியப் பாத்தா வரப்போறான்?"
ஓதியப்பன் கேட்டான், பீடியை அணைத்துவிட்டு.

ஓதியப்பன் எண்ணெய்க்காரன்.
பதினாறாயிரம் கதிர்களின் தாகமும் தெரிந்தவன்.
சூரியனுக்கும் கதிர், சோளத்துக்கும் கதிர்,
மில்லுக்கும் கதிர்.
மில்லுக் கதிர் மட்டும்
அமெரிக்க எண்ணெய்தான் குடிக்கும்.

நாற்பது டிரம் கப்பலேறியதாகத் தந்தி.
கப்பலின் பெயர் சொல்லவில்லை. யுத்த ரகசியம்.
பேரில்லாத ஒன்றுக்காகச்
சித்திரை முழுக்கக் காத்திருந்தேன்,
பொண்ணு பார்த்துட்டுப் போனவங்க
ஒண்ணும் சொல்லியனுப்பாத வீடு மாதிரி.

கதிர்கள் கீச்சிட ஆரம்பித்தன.
காங்கேயத்துச் செக்கிலிருந்து
ஆமணக்கெண்ணெய் வாங்கி ஊற்றினோம்.
ஸ்பின்னிங் முழுக்கப் பேதி மருந்து வாசம்,
நூலில் மஞ்சள் கறை.
கூடாரத் துணிக்கு நூல் எடுக்கும் பட்டாளத்துக் கான்ட்ராக்டர்
முகர்ந்து பார்த்துத் திருப்பி அனுப்பினான்.
ரீலிங் தெய்வாத்தாள் சொன்னாள்:
"நூலுக்கு வவுறு செரியில்லீங்க."

வைகாசியில் கொச்சியிலிருந்து
இன்ஷூரன்ஸ் சர்வேயர் குருவிளா வந்தார்.
தொப்பியைக் கழற்றவில்லை. மோர் இரண்டு டம்ளர்.
காகிதத்தில் இரண்டே சொல்: எதிரியின் செயல்.
மீதியைத் துறைமுகத்து மாலுமிகள் சொன்னதாகச் சொன்னார்.
ஜெர்மன்காரனின் நீர்மூழ்கி
அமெரிக்கக் கரையோரமே வந்து கிடக்கிறது.
பகலில் அடிமணலில் படுத்துக்கொள்ளும்.
ராத்திரி மேலே வந்து கரையைப் பார்க்கும்.
கரையூர்களில் விளக்கணைக்கவில்லை.
ஓட்டல், ராட்டினம், நடனக் கொட்டகை,
சீசன் வியாபாரம் கெட்டுப்போகுமாம்.
அந்த வெளிச்சத்துக்கும் அதற்கும் நடுவில்
எந்தக் கப்பல் போனாலும்
திரையில் விழுந்த தோல்பாவை.
குறிகூடப் பார்க்க வேண்டியதில்லை.

"எண்ணெய் தண்ணியில எரியுமாங்க?"
"மூணு நாள் எரிஞ்சுதாம்."

நான் சன்னலைப் பார்த்தேன்.
ஒன்பது டின்.

க்ளெய்ம் பாரத்தில் டிரம் எண்ணிக்கைக்குக் கட்டம் இருந்தது.
எண்ணெய் விலைக்கு ஒன்று,
காலி டிரம்மின் விலைக்குக்கூட ஒன்று.
டிரம்மை உருட்டிக் கட்டியவன், உலைக்குக் கரி தள்ளியவன்,
அவர்களுக்கு இல்லை.
எத்தனை பேர் என்று கேட்டேன்.
"அது உங்க பாலிசியில் வராது" என்றார் குருவிளா,
பேனாவை மூடிக்கொண்டே. கெட்ட மனுஷனில்லை.

பதினாலு மாசம் கழித்துச் செக் வந்தது.
இன்னும் ரெண்டு வருஷம் போய் யுத்தமும் ஓய்ந்தது.
பிளேடால் நீலத்தைச் சுரண்டிய தெய்வாத்தாளுக்கு
ஒரு வாரம் நகக்கண்ணெல்லாம் நீலம்.
முதல் ராத்திரி, பைக்காரா மின்சாரம்
கண்ணாடி வழியாகச் சோளக்காட்டில் கொட்டியது.
வேலியோரம் சனம் நின்றது, நோம்பி பார்க்க வந்த மாதிரி.

நான் கேட்டுக்கு வெளியே, இருட்டில்.
வெளிச்சத்துக்கு முன்னால் ஓர் ஆள்,
கையில் எண்ணெய்க் கேன், உடம்பு முழுக்கக் கறுப்பு,
அவசரமில்லாமல் குறுக்கே நடந்தான்.

"அக்கட்டால போடா!"
கத்திவிட்டேன்.

ஓதியப்பன் நின்றான்.
கண்ணுக்கு மேல் கையை வைத்து
இருட்டில் என்னைத் தேடினான்.
"ஏனுங்க?"